ஆவாரங்குடிக் கண்மாயில் துண்டு வீசியது யார்

ரெங்கராஜிடம் கேமராவைக் கொடுத்துக் கல்யாணத்துக்கு அனுப்பினால் மாப்பிள்ளை, பெண் இரண்டு பேரைத் தவிர மற்ற எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு வருவார். கேலிக்குச் சொல்வதல்ல, நடந்தது. திருக்கோகர்ணத்தில் சொந்தச் சித்தப்பா மகளுக்குக் கல்யாணம். தாலி கட்டுகிற நேரத்தில் இவருடைய கேமரா பந்தலுக்கு வெளியே, சாப்பிடக் காத்திருந்த வரிசையைப் பார்த்துக்கொண்டிருந்தது. கெட்டிமேளம் கேட்டதும் பசித்த முகங்களில் ஒரு நிம்மதி வருமே, அதுதான் வேண்டுமாம் மனிதருக்கு. சித்தப்பா அதற்குப் பிறகு அவரோடு பேசவில்லை. பேசாததில் நியாயம் இருக்கத்தான் செய்தது.

நாற்பத்தெட்டில் சமஸ்தானம் போய்ப் புதுக்கோட்டை திருச்சி ஜில்லாவோடு சேர்ந்தபோதும் இதே கதைதான். கையிலோ யாரோ வெள்ளைக்காரன் விற்றுவிட்டுப் போன பழைய கேமரா, சாவி கொடுத்தால் அரை நிமிடம் ஓடும். ஊரெல்லாம் கொடியைப் பார்த்துக்கொண்டிருக்க, இவர் அரண்மனை வாசல் சேவகர்களைப் பிடித்தார். இனி இந்தத் தலைப்பாகையைக் கட்டலாமா கூடாதா என்று தெரியாமல், கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்கள் அவர்கள். அந்த அரை நிமிடப் படத்தைப் பார்த்துத்தான் மெட்ராஸில் சர்க்கார் செய்திப்பட இலாகாவில் இவருக்கு வேலை கொடுத்தார்கள். கொடுத்தவர்கள் பின்னால் நிறைய வருத்தப்பட்டார்கள்.

முதல் வேலையே சித்தன்னவாசல். போய்க் குகை ஓவியங்களைப் படம் எடுத்து வா என்றார்கள். ஏழு நிமிடப் படத்தோடு வந்தார். படத்தில் ஓவியம் ஒன்றுகூடக் கிடையாது. இருட்டுக்குள் அதைப் பார்த்துவிட்டு வெளியே வருகிற ஜனங்கள், ஒருவர் பின் ஒருவராக, வெயிலில் கண்ணைச் சுருக்கி, காலுக்குச் செருப்பைத் தேடுகிறார்கள். அவ்வளவுதான். அதிகாரி படம் முடிந்ததும் விளக்கைப் போடச் சொல்லி, ஓவியம் எங்கே என்று கேட்டார். ஓவியம் ஆயிரம் வருஷமாக அங்கேயேதான் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் போய்ப் பார்க்கலாம், பார்த்துவிட்டு வருகிறவன் முகம் அடுத்த நிமிடம் இருக்காது என்றார் ரெங்கராஜ். ஆனையைப் பிடிக்கச் சொன்னால் ஆனை போன தடத்தைப் பிடித்துக்கொண்டு வருகிற ஆள்.

ஒரு காரியம் நடப்பதற்கு முந்தின கணம், நடந்து முடிந்த பிந்தின கணம், இரண்டில்தான் மனுஷன் வேஷமில்லாமல் இருக்கிறான் என்பது அவர் கட்சி. ஆகவே யாரையும் இப்படி நில், அப்படித் திரும்பு என்று சொல்ல மாட்டார். படத்துக்குப் பின்னணியில் கணீரென்ற குரலில் விளக்கம் சொல்வதும் கூடாது. நான் தொடுவதில்லை, பார்ப்பதோடு சரி என்பார். அதில் கொஞ்சம் கர்வமும் உண்டு.

எட்டு வருஷம் இப்படியே ஓடியது. ஐம்பத்தாறில் அதிகாரி பொறுமையிழந்தார். குன்றாண்டார்கோவில் பக்கம் கண்மாய்களில் சர்க்கார் மீன்குஞ்சு விட்டிருக்கிறது, கோடையில் ஜனங்கள் கூடி மீன் பிடிப்பார்கள், அதைப் பத்து நிமிடப் படமாக, விளக்கக் குரலோடு, ஒழுங்காக எடுத்து வா. இதுவும் உருப்படவில்லையென்றால் ஊர் ஊராகப் படம் காட்டுகிற வேனில் உன்னை ஏற்றிவிடுவேன் என்று எழுத்திலேயே கொடுத்துவிட்டார். ரெங்கராஜ் அந்தக் கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, உதவிக்கு உடையப்பனைக் கூட்டிக்கொண்டு ரயிலேறினார். உடையப்பன் ஸ்டூடியோவில் இருபது வருஷம் விளக்குப் பிடித்தவர், வயதில் மூத்தவர், வாயில் எப்போதும் வெற்றிலை.

ஆவாரங்குடிக் கண்மாய் பத்துக் கிராமத்துக்குப் பொது. சித்திரையில் தண்ணீர் இடுப்பளவுக்கு இறங்கியதும் நாள் குறித்துத் தண்டோரா போடுவார்கள். பத்து ஊரும் விடிவதற்குள் வந்து கரையைச் சுற்றி நிற்கும். கையில் வலை, அடியில்லாத மூங்கில் கூடையான ஊத்தா, ஒன்றுமில்லாதவன் கையில் பழைய வேட்டி. ஆனால் ஒருத்தன் கால் தண்ணீரில் படக்கூடாது. ஆவாரங்குடியின் அம்பலம், அதாவது ஊர்த்தலைவர், நல்லதம்பி அய்யனாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டு வந்து, கரை நடுவில் மடைக்கல் மேல் ஏறி, வெள்ளைத் துண்டை வீச வேண்டும். அப்புறம்தான் இறங்கலாம். துண்டு வீசுகிற உரிமை அவர் வீட்டுக்கு அப்பன் பாட்டன் காலத்திலிருந்து வருகிறது. அம்பலம் என்ற பேருக்கு மிச்சமிருந்த மரியாதையே அதுதான். மற்றதையெல்லாம் பஞ்சாயத்து போர்டும் பி.டி.ஓ. ஆபீசும் எடுத்துக்கொண்டுவிட்டன.

நல்லதம்பி அம்பலம் இவர்களை நன்றாகவே வரவேற்றார். மனைவி அழகம்மாள் கேழ்வரகுக் களியும் கருவாட்டுக் குழம்பும் போட்டாள். துண்டு வீசும்போது எந்தப் பக்கம் திரும்பி வீசினால் படத்தில் நன்றாக விழும் என்று அம்பலம் ஆசையாகக் கேட்டார். எப்போதும் போல வீசுங்கள், நான் உங்களை எடுக்கப் போவதில்லை என்றார் ரெங்கராஜ். அம்பலத்தின் முகம் சுண்டிப்போயிற்று. துண்டு மேலே போகிற அந்தக் கணத்தில் ஜனங்களின் முகத்தைத்தான் எடுக்கப் போகிறேன் என்று இவர் விளக்கினார். விளக்கி என்ன பயன்? படம் எடுக்க மெட்ராஸிலிருந்து வந்தவன் துண்டு வீசுகிற தன்னை விட்டுவிட்டு, அதைப் பார்க்கிற ஊரை எடுக்கிறான் என்றால் எந்த மனுஷனுக்குத்தான் பிடிக்கும்!

மறுநாள் காலை வெயில் ஏறுவதற்குள் ஐயாயிரம் பேர் கூடிவிட்டார்கள். ரெங்கராஜ் மடைக்கல்லுக்கு நூறடி தள்ளிக் கரைமேல் கேமராவை நிறுத்தினார். உடையப்பன் இன்னொரு கேமராவோடு எதிர்க்கரையில். சூடு தாக்காமல் இருக்க ரெங்கராஜ் தன் கேமரா மேல் நனைத்த துண்டு ஒன்றைப் போட்டு வைத்திருந்தார். அம்பலம் கோவிலுக்குள் தேங்காய் உடைக்கப் போயிருந்தார். கரையெல்லாம் ஒரே அமைதி. கண்ணாடி வழியாக முகங்களைப் பார்த்துப் பார்த்து ரெங்கராஜுக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. இப்படி ஒரு அமைதியை அவர் எட்டு வருஷமாகத் தேடிக்கொண்டிருந்தார்.

திடீரென்று கரையில் ஒரு கூச்சல். பார்க்கும்போதே ஐயாயிரம் பேரும் தண்ணீருக்குள் இருந்தார்கள்.

அம்பலம் கோவிலிலிருந்து ஓடி வந்தார். உடைத்த தேங்காய்மூடி ஒரு கையில், மடித்த துண்டு மறு கையில். மடைக்கல் மேல் ஏறி நின்று பார்த்தார். கண்மாய் முழுக்கச் சேறு கலங்கி, ஊத்தாவும் தலையுமாக இருந்தது. கூப்பிட்டால் காதில் விழுகிற நிலையில் ஒருவரும் இல்லை. துண்டை வீசுவதா வேண்டாமா என்று தெரியாமல் வெகுநேரம் அப்படியே நின்றார். கடைசியில் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு நடந்தார்.

மத்தியானம் ஆலமரத்தடியில் பத்து ஊரும் கூடியது. வீசியது யார் என்று கேட்டால், ஒருத்தனும் ஆளைப் பார்க்கவில்லை. வெள்ளையாக ஏதோ பறந்தது என்றார்கள். வடக்கே என்றான் ஒருவன், தெற்கே என்றான் இன்னொருவன். எல்லாரும் ஓடினார்கள், நானும் ஓடினேன் என்பதுதான் பொதுவான வாக்குமூலம். பக்கத்து ஊர் ரத்தினவேலுக்கு அந்த உரிமை மேல் ரொம்ப நாளாகக் கண். அம்பலமே யாரோ வேண்டியவனிடம் துண்டைக் கொடுத்து வீசச் சொல்லி, அவன் முந்திக்கொண்டு மீன் பிடிக்க வழி பண்ணியிருக்கிறார் என்று மெல்ல ஆரம்பித்தார். ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? சாயங்காலத்துக்குள் அந்த வேண்டியவனுக்கு நாலு பேர் நாலு பெயர் வைத்துவிட்டார்கள்.

இந்த இடத்தில்தான் ரெங்கராஜ் வாயைக் கொடுத்தார். சபை நடுவில் போய் நின்று, இரண்டு கரையிலும் கேமரா இருந்தது, துண்டு வீசியவன் எவனாக இருந்தாலும் படத்தில் இருப்பான் என்றார். யார் கேட்டார்கள் இவரை? ஆனால் சபைக்கு அது பிடித்துப்போயிற்று. மனுஷன் சாட்சி சொன்னால் கட்சி கட்டுவான், பெட்டிக்கு ஏது கட்சி? படம் வருகிற வரையில் உரிமை யாருக்கும் இல்லை, படத்தில் இருப்பவன் அம்பலத்துக்கு வேண்டியவன் என்றால் அடுத்த வருஷம் முதல் ரத்தினவேல் வீசட்டும் என்று தீர்ப்பாயிற்று. நல்லதம்பி அம்பலம் தலையைத் தூக்கி ரெங்கராஜைப் பார்த்தார்.

"தம்பி, அதுல இருக்குறத அப்புடியே கொண்டாந்து காட்டுங்க. எதையும் மறைக்க வேணாம்" என்றார்.

மெட்ராஸில் பிலிமைக் கழுவிப் பிரதி எடுத்துத் தர ஒரு மாதம் ஆயிற்று. இருட்டறையில் ரெங்கராஜும் உடையப்பனும் உட்கார்ந்து பார்த்தார்கள். ரெங்கராஜுக்கு ஒரே பரபரப்பு. யாராக இருக்கும்? ரத்தினவேலின் ஆளா? யாராவது குடிகாரனா? பெண்ணாகக்கூட இருக்கலாம், முந்தானை பறந்திருக்கலாம் என்று ஊகித்துக்கொண்டே வந்தார். தன் கேமராவில் எடுத்ததில் ஒன்றும் தெரியவில்லை. எதிர்க்கரையிலிருந்து உடையப்பன் எடுத்தது ஓடியது. நீண்ட கரை, வரிசையாகத் தலைகள், ஒரே அமைதி. கரைமேல் வலது ஓரத்தில் பத்து ஊரிலும் பேண்ட் போட்ட ஒரே ஆள். காற்றடித்துப் புழுதி கிளம்புகிறது. அந்த ஆள் கேமரா மேலிருந்த வெள்ளைத் துண்டை எடுத்து, கையை உயர்த்தி, இரண்டு உதறு உதறுகிறான். அவனுக்குக் கீழே நின்ற நாலைந்து பேர் தண்ணீரில் பாய்கிறார்கள். பிறகு எல்லாரும்.

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதையாகிவிட்டது. ரெங்கராஜ் மூன்று தரம் திருப்பிப் போடச் சொன்னார். துண்டை உதறியது அவருக்கு ஞாபகமே இல்லை. புழுதி தட்டுவதை யார் ஞாபகம் வைத்துக்கொள்வார்கள்? நான் தொடுவதில்லை என்று எட்டு வருஷமாகப் பெருமை பேசியவர், ஐயாயிரம் பேரைத் தண்ணீரில் இறக்கிவிட்டு, இறக்கியவனைத் தேடிக் கண்டுபிடித்துத் தருகிறேன் என்று சபையில் வாக்கும் கொடுத்திருந்தார். வெட்கம் பிடுங்கித் தின்றது.

உடையப்பன் வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார். "ரெண்டடி பிலிம்தான் சார். கத்தரிச்சா ஒரு பயலுக்கும் தெரியாது. படத்துல ஆரும் இல்லைன்னு சொல்லிருவோம்" என்றார்.

அதிகாரியும் படத்தைப் பார்த்தார். இலாகா ஆள் படத்துக்குள் நின்று துண்டு உதறுகிறான், இந்தத் துணுக்கை எடுத்து எறி, மீன்குஞ்சுத் திட்டத்தைப் பற்றிக் குரல் போடு என்றார். ஆக, கத்தரிக்கோலைக் கையில் கொடுக்க எல்லாரும் தயார். வெட்டினால் வேலையும் மிஞ்சும், மானமும் மிஞ்சும். ரெங்கராஜ் நாளைத் தள்ளிக்கொண்டே இருந்தார். தை பிறந்து மாசியும் வந்தது. ஆவாரங்குடிக்கு ஒரு வரி எழுதவில்லை. பயம்தான், வேறென்ன.

மாசியில் லீவு போட்டுத் திருக்கோகர்ணம் வந்திருந்தபோது, விசாரித்து விசாரித்து அழகம்மாள் அவர் வீட்டுக்கே வந்துவிட்டாள். பஸ்ஸில் தனியாக வந்திருந்தாள். தண்ணீர் கொடுத்தும் குடிக்கவில்லை. அம்பலம் பத்து மாதமாகக் கடைத்தெருப் பக்கம் போவதில்லையாம். துண்டை மாத்திரம் அடிக்கடி எடுத்துத் துவைக்கச் சொல்கிறாராம், வீசாத துண்டை எத்தனை தரம்தான் துவைப்பது என்றாள். படம் வந்துவிட்டதா என்று கேட்டாள். ரெங்கராஜ் ஆமென்று தலையை ஆட்டினார்.

"ஒண்ணே ஒண்ணுதான் தம்பி எனக்குத் தெரியணும். வீசுனது எங்க ஆளா, வெளியாளா? எங்க தாயாதி ஆராச்சும்னா இப்பவே சொல்லிருங்க. சபையில பாத்தாருன்னா அவரு தாங்க மாட்டாரு."

"ஒங்க ஆளு இல்லம்மா" என்றார் ரெங்கராஜ்.

அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. அது போதும் தம்பி என்று சொல்லிவிட்டு எழுந்தாள். யார் என்று கேட்கவே இல்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பாரா என்பது அவருக்கே சந்தேகம்.

அன்று மாலையே ரெங்கராஜ் மெட்ராஸுக்கு ரயிலேறினார். இலாகா அலமாரியிலிருந்து படச்சுருளை யாரையும் கேட்காமல் எடுத்துக்கொண்டு மூன்றாம் நாள் திரும்பினார். புதுக்கோட்டையில் சினிமாக் கொட்டகை நடத்திய சிநேகிதர் ஒரு காலை நேரத்தைச் சும்மா விட்டுத்தந்தார். பத்து ஊரும் மாட்டுவண்டி கட்டி வந்து இறங்கியது. ரத்தினவேல் முன்வரிசையில். நல்லதம்பி அம்பலம் சுவரோரம், துவைத்த துண்டோடு.

விளக்கை அணைப்பதற்கு முன்னால் ரெங்கராஜ் திரைக்கு முன் வந்து நின்றார். அதுவரை ஒரு படத்துக்கும் அவர் விளக்கம் சொன்னதில்லை. வலது ஓரத்தில் பேண்ட் போட்டிருப்பவனைப் பாருங்கள், அது நான்தான் என்று மட்டும் சொல்லிவிட்டு ஒதுங்கினார். படம் ஓடியது. தங்கள் கரையைத் திரையில் பார்த்ததும் முதலில் ஒரே ஆரவாரம், அவன் இவன் என்று பேர் சொல்லிக் கூவினார்கள். பிறகு புழுதி கிளம்பியது, துண்டு மேலே போயிற்று. கொட்டகை அடங்கிவிட்டது. யாரோ ஒரு கிழவி முதலில் சிரித்தாள். அப்புறம் கூரை பிய்த்துக்கொண்டு போகிற மாதிரி சிரித்தார்கள், திருப்பிப் போடு திருப்பிப் போடு என்றார்கள். ஐந்து தரம் போட வேண்டியதாயிற்று. ஐந்து தரமும் ரெங்கராஜ் துண்டை உதற, ஐந்து தரமும் பத்து ஊர் ஓடியது.

சிரிக்காதவர் ஒருவர்தான். சுவரோரம் அம்பலம் முகத்தைத் துண்டில் புதைத்துக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தார். ரெங்கராஜ் அவர் முன்னால் போய், நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். கொட்டகையின் மண்தரையில் பேண்டெல்லாம் அழுக்கு. எழுந்திருங்க தம்பி என்று அம்பலம் கையைப் பிடித்துத் தூக்கினாரே தவிர, பரவாயில்லை என்று சொல்லவில்லை. பத்து மாதம் அவருக்குப் பரவாயில்லையாக இருக்கவில்லை.

ரத்தினவேலே எழுந்து, வெளியாள் தெரியாமல் செய்த காரியம், உரிமை அம்பலத்துக்கே என்று சொல்லும்படி ஆயிற்று. சபை ஒத்துக்கொண்டது. இலாகா ஒத்துக்கொள்ளவில்லை. கேட்காமல் படத்தை எடுத்துப் போய்க் காட்டியதற்காக ரெங்கராஜ் கையிலிருந்து கேமராவை வாங்கிக்கொண்டு வேனில் ஏற்றிவிட்டார்கள். மற்றவர்கள் எடுத்த படங்களை ஊர் ஊராகக் காட்டுகிற வேலை. கேமராவை ஒப்படைத்த அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை.

சித்திரையில் ஆவாரங்குடியிலிருந்து ஆள் வந்தது. வரச் சொன்னார், ஆனால் பெட்டியில்லாமல் வரச் சொன்னார் அம்பலம். பெட்டி ஏது இப்போது? கைவீசிக்கொண்டு போனார் ரெங்கராஜ். அம்பலம் அவர் கையில் ஒரு ஊத்தாவைக் கொடுத்து, வேட்டியை மடித்துக் கட்டச் சொல்லி, கரையோரம் ஜனத்தோடு ஜனமாக நிற்க வைத்தார்.

ரெங்கராஜுக்குப் பழைய ஆசை போகவில்லை. அம்பலத்தை எடுக்க மாட்டேன் என்று சொன்னதற்குப் பரிகாரமாக, இந்தத் தடவை துண்டு மேலே போவதைக் கண்கொட்டாமல் பார்த்துவிடுவது என்று மடைக்கல்லையே பார்த்துக்கொண்டு நின்றார். அக்கம்பக்கத்தில் ஒருவரும் அங்கே பார்க்கவில்லை என்பது கொஞ்ச நேரத்தில்தான் உறைத்தது. எல்லார் தலையும் குனிந்திருந்தது. தண்ணீரில் எங்கே குமிழி வருகிறது என்று ஒரு கண், பக்கத்தில் நிற்பவன் கால் அசைகிறதா என்று ஒரு கண். போன வருஷம் கேமராவில் அவர் பார்த்துப் புல்லரித்த முகமெல்லாம் இதுதான். துண்டுக்காக யாரும் காத்திருக்கவில்லை, அடுத்தவன் காலுக்காகக் காத்திருந்தார்கள். இதை யோசித்துக்கொண்டே அவரும் தன்னையறியாமல் பக்கத்துக்காரன் காலைப் பார்த்தார். கால் எழும்பியது. அடுத்த நொடி தண்ணீருக்குள் இருந்தார். எப்படி இறங்கினோம் என்றே தெரியவில்லை. ஊத்தாவை அமுக்கினார், கையை விட்டுத் துழாவினார், முழங்கை நீளத்துக்கு ஒரு விரால் துள்ளி நெஞ்சில் அடித்தது. நாற்பது வயது மனுஷன் வாய்விட்டுக் கத்தினார்.

வெயில் உச்சிக்கு வந்ததும் சேறும் சகதியுமாக, விராலை ஓலைக்கீற்றில் கோத்துத் தூக்கிக்கொண்டு மடைக்கல்லுக்கு வந்தார். அம்பலம் இன்னும் அங்கேயே உட்கார்ந்திருந்தார். துண்டை மடித்து மடியில் வைத்திருந்தார்.

"நா வீசுனதப் பாத்தீங்களா தம்பி?"

பொய் சொல்லிவிடலாம். ஒரு வார்த்தைதான், பெரியவர் சந்தோஷப்படுவார். ரெங்கராஜ் மீனைக் கீழே வைத்தார்.

"பாக்கலைங்க. இறங்கிட்டேன்" என்றார்.

அம்பலம் தலையை ஆட்டினார். கோபமில்லை. ரொம்ப நாளாகத் தெரிந்த சங்கதியைக் கேட்டவர் போல இருந்தார். பக்கத்தில் உட்காரச் சொல்லிக் கல்லின் மேல் இடம் விட்டார்.

"நாப்பது வருசமா இந்தக் கல்லு மேல ஏறி வீசுறேன். எனக்குத் தெரியிறதெல்லாம் குனிஞ்ச முதுகுதான். ஒருத்தன் தலையத் தூக்கிப் பாத்ததில்ல. துண்டு வீசுறத பத்து ஊரும் கண்ணால பாத்துச்சுன்னா அது ஒரே ஒருக்கத்தான், ஒங்க படத்துல. அஞ்சு தரம் போடச் சொல்லிப் பாத்தாங்க." துண்டை எடுத்து ரெங்கராஜின் முகத்திலிருந்த சேற்றைத் துடைத்தார். "அதுவும் நா இல்ல தம்பி. நீங்க."